ஆட்கொணர்வு மனு போட்டால் மனைவியைத் திருப்பித் தருவார்களா?

கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன். நண்பருக்கு 26 வயது, அவர் மணந்த பெண்ணுக்கு 22. சாதி வேறு. ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் மாலை மாற்றித் தாலி கட்டி, பிறகு திருமணத்தைப் பதிவும் செய்திருக்கிறார்கள். மூன்று வாரம் கழித்து, "பாட்டிக்கு உடம்பு சரியில்லை, ஒரு எட்டு வந்து பார்த்துட்டுப் போ" என்று கூட்டிப்போன பெண் வீட்டார் அதற்கப்புறம் அவரை வெளியே விடவில்லை. போன் அணைந்து கிடக்கிறது. காவல் நிலையத்தில், "குடும்ப விஷயம், பேசித் தீர்த்துக்குங்க" என்கிறார்கள். பெண் வீட்டார் தரப்பில் "அந்தக் கல்யாணமே செல்லாது" என்று வேறு சொல்கிறார்களாம். ஆட்கொணர்வு மனு போட்டால் மனைவியைத் திருப்பித் தருவார்களா?

தரமாட்டார்கள். யாரையும் யாரிடமும் தருவது அந்த மனுவின் வேலை இல்லை. 22 வயதுப் பெண்ணை அப்பாவிடம் ஒப்படைக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் கிடையாது, கணவனிடம் ஒப்படைக்கவும் கிடையாது. அவரை நேரில் வரவழைத்து, "நீங்கள் எங்கே போக விரும்புகிறீர்கள்?" என்று நீதிபதிகள் கேட்பார்கள். அவர் சொல்லும் பதில்தான் கிட்டத்தட்ட தீர்ப்பு. திருமணச் சான்றிதழ், கல்யாண போட்டோ, வாட்ஸ்அப் செய்தி எல்லாமே அந்தக் கேள்வி வரை கொண்டுபோய்ச் சேர்க்கும் வண்டி மட்டும்தான். நண்பர் இதை முதலிலேயே புரிந்துகொள்வது நல்லது. "என் மனைவியை என்னிடம் சேர்த்து வையுங்கள்" என்று எழுதிய மனுவும், "இந்தப் பெண் தன் விருப்பத்துக்கு விரோதமாக அடைத்து வைக்கப்பட்டிருக்கிறார், அவரை ஆஜர்படுத்தி அவரிடமே கேளுங்கள்" என்று எழுதிய மனுவும் நீதிபதி கண்ணில் வேறு வேறு.

ஆட்கொணர்வு என்ற தமிழ்ச் சொல்லே விஷயத்தைச் சொல்லிவிடுகிறது: ஆளைக் கொண்டுவா. இங்கிலாந்தில் 1679இல் இதற்கென்று தனிச் சட்டமே வந்தது. அரசன் பிடித்து அடைத்தவனை, எந்தச் சட்டப்படி அடைத்தாய் என்று கேட்கப் பிறந்த மனு இது. சென்னை உயர் நீதிமன்றத்திலும் தினசரி வழக்குப் பட்டியலில் ஹெச்.சி.பி (ஹேபியஸ் கார்பஸ் பெட்டிஷன், அதாவது ஆட்கொணர்வு மனு) என்று போட்டிருப்பதில் பெரும்பகுதி குண்டர் சட்டத்தில் அடைக்கப்பட்டவர்களுக்கானதுதான். அதனால், அரசாங்கம் பிடித்து வைத்தால்தானே இந்த மனு, அப்பா வீட்டில் இருக்கும் பெண்ணுக்கு எப்படி என்று பலர் நினைக்கிறார்கள். அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவு உயர் நீதிமன்றம் எந்த நபருக்கும், எந்த அதிகார அமைப்புக்கும் ஆணை பிறப்பிக்கலாம் என்கிறது. அடைத்து வைத்தவர் ஜெயிலரா, மாமாவா என்பது முக்கியமில்லை. சட்டவிரோதமாக அடைத்து வைத்திருக்கிறாரா என்பதுதான் முக்கியம்.

32ஆவது பிரிவில் நேராக உச்ச நீதிமன்றத்துக்கும் போகலாம்தான். ஆனால் இந்த மாதிரி வழக்கில் உயர் நீதிமன்றம்தான் பக்கம், வேகம். தென் மாவட்டமாக இருந்தால் மதுரைக் கிளை, மற்றபடி சென்னை. மனுவை அடைபட்டவர்தான் போட வேண்டும் என்றில்லை. கணவர் போடலாம், நண்பர் போடலாம், தோழி போடலாம். இரண்டு நீதிபதிகள் கொண்ட அமர்வு விசாரிக்கும். முகாந்திரம் இருக்கிறது என்று தோன்றினால் காவல்துறைக்கு நோட்டீஸ் போகும், இன்ன தேதியில் பெண்ணைக் கொண்டுவந்து நிறுத்துங்கள் என்று. உயிருக்கு ஆபத்து என்றால் காலையிலேயே நீதிபதிகள் முன் வாய்மொழியாகச் சொல்லி (மென்ஷன் செய்து) அவசரமாக எடுத்துக்கொள்ளச் சொல்லலாம்.

அதற்கு முன் காவல் நிலையத்தில் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்து சி.எஸ்.ஆர் ரசீது (புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான ரசீது) வாங்கியாக வேண்டும். வாங்கிக்கொள்ள மறுத்தால் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குப் ஸ்பீடு போஸ்டில் அனுப்பி, அந்த ரசீதைப் பத்திரமாக வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள். "போலீஸிடம் போனீர்களா?" என்பதுதான் நீதிபதி கேட்கும் முதல் கேள்வி. நிலையத்தில் "குடும்ப விஷயம்" என்று சொன்னார்களே, அதற்குப் பதிலும் உங்கள் கையிலேயே இருக்கிறது. ஒருவரை அவர் விருப்பத்துக்கு மாறாக அடைத்து வைப்பது பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 127ஆவது பிரிவில் குற்றம். பெற்றோருக்கு அதில் விலக்கு இல்லை. இன்னொரு சின்ன வழியும் உண்டு. பாரதிய நாகரிக் சுரக்‌ஷா சன்ஹிதாவின் 100ஆவது பிரிவில் மாஜிஸ்திரேட்டிடம் மனுக் கொடுத்து, தேடுதல் வாரண்ட் வாங்கி, அடைபட்டவரை மீட்கச் சொல்லலாம். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 97ஆக இருந்தது இதுதான். சாதிப் பகை கலந்த விவகாரத்தில் நான் உயர் நீதிமன்றத்தையே சொல்வேன். உள்ளூரில் எல்லோருக்கும் எல்லோரையும் தெரியும்.

சரி, வயது. 18 முடிந்துவிட்டதா என்பதில்தான் எல்லாமே நிற்கிறது. பிறப்புச் சான்றிதழ், பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியல், டி.சி, எது கிடைத்தாலும் மனுவோடு சேர்க்க வேண்டும். 18க்குக் கீழே என்றால் கதையே வேறு. அங்கே விருப்பத்தைக் காட்டிலும் பெண்ணின் நலன் முன்னால் வரும், போக்சோ (குழந்தைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் சட்டம்) வழக்கும் பின்னால் வரும். மைனர் பெண்ணை மணந்த மேஜர் ஆண், அந்த உறவைக் காட்டி அவளுக்குத் தான்தான் காப்பாளர் என்று சொல்ல முடியாது என்று சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வே 2011இல் சொல்லிவிட்டது. உங்கள் நண்பர் விஷயத்தில் இந்தக் கவலை இல்லை.

18ஐத் தாண்டியவருக்குச் சட்டம் எவ்வளவு தெளிவு என்பதற்கு நிறைய தீர்ப்புகள் இருக்கின்றன. எனக்குப் பிடித்தது நம்ம ஊர் வழக்கு, அதுவும் பழையது: எஸ். வரதராஜன் எதிர் மதராஸ் மாநிலம், 1964இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. பெண் கல்லூரி மாணவி, 18 நிறையச் சில மாதங்களே பாக்கி. அவரே அந்த இளைஞருக்குப் போன் செய்து வரச் சொல்லி, அவரே காரில் ஏறிப் போனார். இளைஞர் மேல் ஆட்கடத்தல் வழக்கு. கூட்டிப் போவதும், தானாக வருகிறவரோடு கூடப் போவதும் ஒன்றில்லை என்று சொல்லி உச்ச நீதிமன்றம் அவரை விடுவித்தது. அறுபது வருடத்துக்கு முன்பே, 18 நிறையாத பெண் விஷயத்திலேயே அப்படிச் சொன்னார்கள் என்றால் 22 வயதுப் பெண்ணை "என் பெண்ணைக் கடத்திட்டான்" என்று அப்பா கொடுக்கும் புகாருக்கு என்ன எடை என்று யோசித்துப் பாருங்கள். ஆனாலும் அந்தப் புகார் வரும், தயாராக இருங்கள்.

2006இல் லதா சிங் வழக்கு. உத்தரப்பிரதேசத்துப் பெண், சாதி மாறிக் கல்யாணம், சகோதரர்களின் மிரட்டல், கணவர் வீட்டார் மேல் குற்ற வழக்கு. உச்ச நீதிமன்றம் அந்த வழக்கையே ரத்து செய்தது. பெற்றோருக்குப் பிடிக்கவில்லை என்றால் அவர்கள் அதிகபட்சம் செய்யக்கூடியது உறவை அறுத்துக்கொள்வதுதான், மிரட்டவோ அடிக்கவோ முடியாது என்றது. 2011இல் ஆறுமுகம் சேர்வை வழக்கில், தமிழ்நாட்டிலிருந்து போன மேல்முறையீட்டில், கட்டப் பஞ்சாயத்தையும் ஆணவக் கொலையையும் கடுமையாகச் சாடியது. 2018 மார்ச்சில் சக்தி வாகினி வழக்கில் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். மேஜரான இருவர் சம்மதித்துவிட்டால் குடும்பத்தின் சம்மதமோ சாதியின் சம்மதமோ தேவையே இல்லை என்று சொன்னதோடு, மாவட்டந்தோறும் சிறப்புப் பிரிவு வேண்டும், இப்படிப்பட்ட தம்பதிகளுக்குப் பாதுகாப்பான தங்குமிடம் தர வேண்டும், கண்டுகொள்ளாத போலீஸ் அதிகாரி மேல் துறை நடவடிக்கை எடுக்க வேண்டும் என்றும் உத்தரவிட்டார்கள். காவல் நிலையத்துக்குப் போகும்போது இந்த ஒரு தீர்ப்பின் நகலைக் கையில் கொண்டுபோவது வீணில்லை. சில அதிகாரிகள் அதைப் பார்த்ததும் "உட்காருங்க" என்பார்கள்.

"கல்யாணமே செல்லாது" என்ற பேச்சுக்கு வருகிறேன். இதில் பெண் வீட்டாருக்கு யாரோ பழைய தகவலைக் கொடுத்திருக்கிறார்கள். இந்து திருமணச் சட்டத்தில் தமிழ்நாடு சேர்த்த 7ஏ பிரிவு, அண்ணா ஆட்சிக் காலத்தில் வந்த சுயமரியாதைத் திருமணத் திருத்தம், உறவினரோ நண்பரோ வேறு யாரோ முன்னிலையில் மாலை மாற்றினாலோ, மோதிரம் போட்டாலோ, தாலி கட்டினாலோ போதும் என்கிறது. ஐயர் வேண்டாம், மண்டபம் வேண்டாம். ஆனால் 2014இல் சென்னை உயர் நீதிமன்றம், வழக்கறிஞர் அலுவலகத்தில் ரகசியமாக நடத்தும் திருமணம் இந்தப் பிரிவில் வராது என்று தீர்ப்புச் சொன்னது. அதை வைத்துப் பல ஆட்கொணர்வு மனுக்கள் சங்கடப்பட்டன. 2023 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் தூக்கிவிட்டது. அந்த வழக்கே ஓர் ஆட்கொணர்வு மனுவில் கிளம்பியதுதான்: பெண்ணைப் பெற்றோர் அடைத்து வைத்திருக்கிறார்கள் என்று கணவர் போட்ட மனுவை உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது, அவர் மேல்முறையீடு போனார். வீட்டு எதிர்ப்பில் இருக்கும் ஜோடி ஊரறியக் கல்யாணம் செய்தால்தான் செல்லும் என்றால் அவர்கள் உயிருக்கே ஆபத்து என்பதை உச்ச நீதிமன்றம் கணக்கில் எடுத்துக்கொண்டது. வழக்கறிஞர் தொழில்முறையில் அல்லாமல் நண்பராக, தெரிந்தவராக முன்னின்று நடத்தலாம் என்றது. ஆகவே நண்பரின் திருமணத்துக்கு இந்தக் காரணத்தால் பழுது வராது.

இன்னொன்று சொன்னால் ஆச்சரியப்படுவீர்கள். திருமணம் செல்லாது என்றே வைத்துக்கொண்டாலும் ஆட்கொணர்வு மனுவில் அது பெரிதாக ஒன்றையும் மாற்றாது. 2018இல் நந்தகுமார் வழக்கு, கேரளா. பெண்ணுக்கு 19, பையனுக்கு 21 நிறையவில்லை. அதனால் கல்யாணம் செல்லாது என்று சொல்லி உயர் நீதிமன்றம் பெண்ணை அப்பாவோடு அனுப்பியது. உச்ச நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்தது. அவர்களுக்குத் திருமண வயது வராவிட்டால் என்ன, திருமணம் செய்யாமலே சேர்ந்து வாழக்கூட உரிமை இருக்கிறது, யாரோடு இருப்பது என்பது அந்தப் பெண்ணின் முடிவு என்றது. 22 வயதுக்காரர் எங்கே தங்குவது என்பதற்குத் தாலி ஒரு முன்நிபந்தனை இல்லை.

இதே மனுவைப் பெற்றோரும் போடுவார்கள் என்பதை மறக்க வேண்டாம். பெண் கணவனோடு இருக்கும்போது, "என் மகளை அடைத்து வைத்திருக்கிறான்" என்று அப்பா போடும் மனுக்களும் நிறைய. அதில் நீதிமன்றம் எவ்வளவு தூரம் வழிதவற முடியும் என்பதற்கு ஹாதியா வழக்கு. 24 வயது, ஹோமியோபதி படித்தவர், மதம் மாறித் திருமணமும் செய்துகொண்டவர். அப்பா போட்ட ஆட்கொணர்வு மனுவில் கேரள உயர் நீதிமன்றம் 2017 மே மாதம் அந்தத் திருமணத்தையே ரத்து செய்து அவரை வீட்டுக்கு அனுப்பியது. பெற்றோர் பங்கில்லாமல் இப்படி ஒரு முடிவை அந்த வயதுப் பெண் எடுக்கக் கூடாது என்ற பார்வை அந்தத் தீர்ப்பு முழுக்க ஓடும். ஆறு மாதம் வீட்டுக்குள் இருந்த பிறகு 2017 நவம்பர் 27 அன்று உச்ச நீதிமன்றத்தில் நின்று, எனக்குச் சுதந்திரம் வேண்டும் என்றார். நீதிமன்றம் அவரைப் படிப்பை முடிக்க நம்ம சேலத்துக் கல்லூரிக்குத்தான் அனுப்பியது. 2018 மார்ச்சில் உயர் நீதிமன்ற உத்தரவு ரத்து. ஆட்கொணர்வு மனுவில் உட்கார்ந்துகொண்டு மேஜர் ஒருவரின் திருமணத்தை ரத்து செய்ய உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை என்பதுதான் அதன் சாரம். அதே ஆண்டு ஜனவரியில் இன்னொரு வழக்கில், தாயின் பாசமோ தந்தையின் தன்முனைப்போ எதைக் காட்டினாலும் நீதிமன்றம் 18 தாண்டியவருக்கு ஒரு மேல்காப்பாளராக மாற முடியாது என்றும் சொன்னார்கள்.

சட்டம் இவ்வளவு தெளிவாக இருந்தும் ஏன் பயம்? அந்த ஒற்றைக் கேள்வி எந்தச் சூழலில் கேட்கப்படுகிறது என்பதுதான் காரணம்.

நான் பார்த்த ஒரு வழக்கு. பெண்ணைக் கொண்டுவந்தது போலீஸ் வண்டி, ஆனால் அதே வண்டியில் அம்மாவும் சித்தியும். நீதிமன்ற நடைபாதையில் பெண்ணின் மணிக்கட்டைப் பிடித்தபடியே அம்மா நின்றார். வெளியே நாலைந்து கார்களில் ஊர்க்காரர்கள். உள்ளே போனதும் பெண் தலையைக் குனிந்துகொண்டு, "அம்மாகூடப் போறேன்" என்றார். மூத்த நீதிபதி எதுவும் சொல்லவில்லை. எல்லோரையும் அனுப்பிவிட்டு, மதியம் சேம்பருக்கு, அதாவது தன் தனி அறைக்கு, பெண்ணைத் தனியாக வரச் சொன்னார். ஒரு பெண் காவலர் மட்டும் வெளியே. இருபது நிமிடம் கழித்து வந்த உத்தரவில் பதில் வேறாக இருந்தது. எல்லா நீதிபதியும் அப்படிச் செய்வார்கள் என்று சொல்ல முடியாது. அதனால்தான் மனுவிலேயே அதைக் கேட்க வேண்டும்: பெண்ணை உறவினர் இல்லாமல் அழைத்து வர வேண்டும், சேம்பரில் தனியாகக் கேட்க வேண்டும், தேவைப்பட்டால் ஒருநாள் இரண்டுநாள் அரசு விடுதியில் தங்க வைத்துவிட்டுக் கேட்க வேண்டும்.

இதைக் கேட்க இப்போது நல்ல பிடிமானம் கிடைத்திருக்கிறது. 2024 மார்ச்சில் தேவு ஜி. நாயர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இத்தகைய மனுக்களை எப்படி நடத்த வேண்டும் என்று உயர் நீதிமன்றங்களுக்கு வழிகாட்டுதல் கொடுத்தது. முன்னுரிமை கொடுத்து விசாரியுங்கள். உறவைத் தோண்டித் துருவாதீர்கள். அடைபட்டவர் பெற்றோரின் அழுத்தம் இல்லாமல் பேச வழி செய்யுங்கள், முடிந்தால் சேம்பரில். கவுன்சலிங் என்ற பெயரில் அவர் மனதை மாற்றப் பார்க்காதீர்கள். பெற்றோரிடம் திரும்பிப் போக மாட்டேன் என்று அவர் சொன்னால் அப்போதே விடுவியுங்கள். அது தன்பால் இணையர் சம்பந்தப்பட்ட வழக்கு, ஆனால் அதன் அறிவுரை எல்லோருக்கும் பொருந்தும். 2025 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றமும் தன் தோழியோடு வாழ விரும்பிய ஒரு பெண்ணை இப்படித்தான் கேட்டு, குடும்பத்தின் தடை இல்லாமல் போகவிட்டது. தேர்ந்தெடுத்த குடும்பம் என்ற ஒன்றும் உண்டு என்றது.

"பெண்ணைப் பார்த்தோம், நல்லா இருக்காங்க, வீட்டில்தான் இருக்க விரும்புறாங்க" என்று போலீஸ் ஓர் அறிக்கை தாக்கல் செய்து முடிக்கப் பார்க்கலாம். அதை ஏற்றுக்கொள்ளாதீர்கள். அந்த வாக்குமூலம் பெற்றோர் வீட்டு ஹாலில், அப்பா பக்கத்தில் உட்கார்ந்திருக்க எழுதப்பட்டதாக இருக்கலாம். நேரில் ஆஜர்படுத்துங்கள் என்று வலியுறுத்த வேண்டும்.

கடைசியாக, நண்பர் கேட்க விரும்பாத பகுதி. தனியாகக் கேட்டும், நேரம் கொடுத்தும், அவர் "வீட்டுக்கே போகிறேன்" என்று சொன்னால் மனு அத்தோடு முடிந்தது. அது பயத்தில் வந்த வார்த்தையா, மனம் மாறியதா என்று நீதிமன்றம் ஓர் அளவுக்கு மேல் தோண்டாது. தோண்டவும் கூடாது, ஏனென்றால் அப்பாவின் மனுவிலும் அதே அளவுகோல்தான் அந்தப் பெண்ணைக் காப்பாற்றுகிறது. 2012இல் தருமபுரியில் ஒரு காதல் திருமணத்தைச் சாக்காக வைத்து, தலித் மக்கள் வாழும் நத்தம் காலனி எரிக்கப்பட்ட பிறகு, பெண்ணின் தாய் போட்ட ஆட்கொணர்வு மனு சென்னை உயர் நீதிமன்றத்தில்தான் நடந்தது. 2013இல் பெண் தாயோடு போவதாகச் சொன்னார். ஜூலையில் அவரை மணந்த இளைஞர் ரயில் பாதையோரம் இறந்து கிடந்தார். அந்த மாதங்களில் அந்தப் பெண்ணின் மேல் எத்தனை பேருடைய எடை இருந்தது என்பதை எந்த உத்தரவும் அளக்க முடியாது. அப்படி ஒரு பதில் வந்தால் நண்பர் குடும்பநல நீதிமன்றத்துக்குப் போகலாம், சேர்ந்து வாழக் கேட்கலாம். அங்கும் போலீஸை வைத்து யாரையும் இழுத்து வர முடியாது. சூழ்நிலை மாறி, அவரே உதவி கேட்டுச் செய்தி அனுப்பினால் புதிய மனுவுக்குத் தடை இல்லை.

"கணவரோடு போகிறேன்" என்று சொன்னால் அதே உத்தரவில் போலீஸ் பாதுகாப்பைக் கேட்டு வாங்க வேண்டும். நீதிமன்ற வாசலிலிருந்து தங்கப் போகும் இடம் வரை. எந்த ஊர், எந்த வீடு என்பதைத் திறந்த நீதிமன்றத்தில் சொல்ல வேண்டாம், சீலிட்ட உறையில் கொடுக்கலாம். அவருடைய சான்றிதழ்கள், ஆதார், வங்கிப் புத்தகம் பெற்றோர் வீட்டில் இருக்கும். அவற்றையும் ஒப்படைக்க உத்தரவு கேளுங்கள், பின்னால் போய் வாங்குவது பெரிய பாடு.

செலவுக்குப் பணம் இல்லை என்றால் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞரைத் தரும். பெண்களுக்கும் பட்டியல் சாதியினருக்கும் வருமான வரம்பு பார்ப்பதில்லை. 15100 என்ற எண்ணில் அழைக்கலாம். அந்தப் பெண்ணுக்கு எப்போதாவது ஒரு நிமிடம் போன் கைக்குக் கிடைத்தால் 181ஐ அழைக்கச் சொல்லும்படி, இன்னும் பேச்சுவார்த்தையில் இருக்கும் ஒரு தோழி மூலமாகவாவது தகவல் சேர்த்துவிடுங்கள். அவர் கடைசியாக அனுப்பிய செய்திகளை அழிக்காமல், தேதி தெரியும்படி திரைப்பிடிப்பு எடுத்து, போனை மாற்றாமல் வைத்திருக்கச் சொல்லுங்கள். மனுவோடு இணைக்கும் முதல் தாள் அதுவாகத்தான் இருக்கும்.